செகண்ட் ஷிப்டுக்காரர் பார்க்காத நாடகம்

எண்பதுகளில் எண்ணூர் அசோக் லேலண்டிலோ, திருவொற்றியூர் எம்.ஆர்.எஃப். ஆலையிலோ, விம்கோ தீப்பெட்டித் தொழிற்சாலையிலோ செகண்ட் ஷிப்ட் பார்த்தவருக்கு, மெட்ராஸ் தூர்தர்ஷனின் சாயங்கால நிகழ்ச்சிகள் மறுநாள் காலையில் பிள்ளைகள் சொல்லக் கேட்கும் கதைகள்தான். அவர் சைக்கிளை மிதித்து வீடு வந்து சேரும்போது தெருவே உறங்கியிருக்கும். வெள்ளிக்கிழமை ‘ஒலியும் ஒளியும்’, வாரநாள் நாடகம், ஸ்பான்சர் பிடித்து வந்த அரைமணி நேர நகைச்சுவைத் தொடர் எல்லாம் அவர் மெஷின் முன்னால் நிற்கும்போதே ஓடி முடிந்திருக்கும். சினிமா என்றால் லீவு நாளில் தண்டையார்பேட்டை அகஸ்தியாவில் பார்த்துக்கொள்ளலாம். தொடருக்கு அந்த வழி கிடையாது. ஒரு வாரம் விட்டால் விட்டதுதான்.

காசிமேட்டில் கடலுக்குப் போகிறவர்களுக்கும், துறைமுகத்தில் ராத்திரி சரக்கு இறக்கியவர்களுக்கும் இதே கதைதான். ராயபுரத்தில் தொடங்கி எண்ணூர் கழிமுகம் வரை நீளும் இந்தக் கடலோரத்தில், சாயங்காலம் ஏழரை மணிக்கு டி.வி. முன்னால் நிம்மதியாக உட்கார முடிந்த ஆண்கள் குறைவு. மீன் விற்றுவிட்டு வந்து உலை வைக்கும் பெண்களுக்கும் அந்த நேரம் வாய்த்ததில்லை.

பழைய தொலைக்காட்சித் தொடர்களைக் கேசட்டாகவோ வட்டாகவோ வீட்டுக்குக் கொண்டுவருவதைச் சேகரிப்பாளர்களின் ஆசை என்று சொல்லிவிடுகிறவர்கள் உண்டு. அலமாரியில் அடுக்கிவைக்கும் அழகான டப்பாக்கள்தான் அவர்கள் நினைவுக்கு வருகின்றன. நான் அப்படிப் பார்க்கவில்லை. தன் நேரம் தன் கையில் இல்லாத உழைப்பாளிக்குத்தான் ஹோம் வீடியோ முதல் தேவை. ஒளிபரப்பு அவருக்காகக் காத்திருக்காது, கேசட்டு காத்திருக்கும். தமிழில் வந்த நல்ல நகைச்சுவைத் தொடர்கள் முழுமையாக, ஒழுங்காக, விலை கொடுத்து வாங்கி வைத்துக்கொள்ளும்படி வெளிவர வேண்டும் என்று நான் கேட்பது இந்தக் காரணத்தால்தான்.

டெக் வந்த தெரு

ஜப்பானில் ஜே.வி.சி. நிறுவனம் வி.எச்.எஸ். கருவியை 1976-ல் விற்பனைக்குக் கொண்டுவந்தது. கொஞ்ச காலத்திலேயே அது வடசென்னைக்கு வந்துவிட்டது. துறைமுகம் பக்கத்தில் இருக்கிறதே! பர்மாவிலிருந்து திரும்பிய தமிழர்கள் பிழைப்பதற்காக 1969-ல் பீச் ஸ்டேஷனுக்கு எதிரே அமைந்த பர்மா பஜாரில் வெளிநாட்டு டேப் ரெக்கார்டரும் வாக்மேனும் வரிசைகட்டி இருந்தன. அவற்றோடு வீடியோ டெக்கும் சேர்ந்துகொண்டது. ராஜாஜி சாலை நடைபாதையை ஒட்டிய அந்தச் சின்னக் கடைகள்தான் சென்னையின் மிகப் பெரிய வீடியோ சந்தையாக வளர்ந்தன.

டெக்கை விலை கொடுத்து வாங்க இங்கே பெரும்பாலோருக்கு வசதியில்லை. வாடகைக்கு எடுத்தார்கள். கலர் டி.வி. ஒன்று, டெக் ஒன்று, மூன்று படக் கேசட்டு, ஒரு ராத்திரிக்கு. சிவராத்திரி, மஞ்சள் நீராட்டு, கல்யாணத்துக்கு முந்தின இரவு, கோயில் திருவிழா என்று எதற்கும் டெக் வந்தது. தெருவில் பாய் விரித்து, பெஞ்சு மேல் டி.வி.யை ஏற்றி, விடிய விடியப் பார்த்தார்கள். நைட் ஷிப்ட் இல்லாதவர்கள் முதல் படத்திலிருந்து, செகண்ட் ஷிப்ட் முடித்தவர்கள் இரண்டாம் படத்திலிருந்து. திரையில் கோடு விழுந்தால் டெக்கைக் கொண்டுவந்த பையன் டிராக்கிங்கைத் திருகுவான். அதற்கும் அடங்காவிட்டால் மேல்மூடியைக் கழற்றி ஹெட்டைத் துடைப்பான். அந்தப் பையன்களில் பலர் பிறகு கேபிள் டி.வி. தொழிலுக்குப் போனார்கள். கேபிள்காரராகித் தங்கள் வீட்டு டெக்கிலிருந்தே தெரு முழுக்கப் படம் விட்டவர்கள் உண்டு.

டெக்கில் ஓடியது சினிமாதான். தொலைக்காட்சித் தொடரைக் கேசட்டில் போட்டு யாரும் வாடகைக்கு விடவில்லை. சிரிக்க வேண்டுமென்றால் வேறொரு கேசட்டு இருந்தது: ஆடியோ கேசட்டு. எஸ்.வி.சேகரின் ‘காட்டுல மழை’, ‘மகாபாரதத்தில் மங்காத்தா’, ‘ஆயிரம் உதைவாங்கிய அபூர்வ சிகாமணி’ போன்ற நாடகங்கள் ஒலிநாடாவாக வந்து தமிழ்நாடு முழுக்கப் போய்ச் சேர்ந்தன. ‘விதி’, ‘திருவிளையாடல்’ வசனக் கேசட்டுகளை ஸ்பீக்கர் செட்டில் போட்ட அதே ஊர்களில் இந்த நாடகங்களும் ஒலித்தன. முகம் தெரியாமல், மேடை தெரியாமல், குரலையும் சபாக் கூட்டத்தின் சிரிப்பையும் மட்டும் கேட்டே வசனங்களை மனப்பாடம் செய்த ஒரு தலைமுறை இருக்கிறது. மயிலாப்பூர் சபாவுக்குள் காலெடுத்து வைக்காத திருவொற்றியூர்க்காரர் அந்த நாடகத்தை ஒப்பிப்பார். தமிழ் நகைச்சுவையை வீட்டுக்கு வாங்கிப் போகலாம், திரும்பத் திரும்பக் கேட்கலாம் என்று நமக்குக் கற்றுக்கொடுத்தவை அந்த ஒலிநாடாக்கள்தான். அவை விற்றுத் தீர்ந்த வேகத்தைப் பார்த்தவர்கள் தொடர்களையும் வீடியோ கேசட்டாகப் போட்டிருக்க வேண்டும். வாங்க ஆள் இருந்தது.

போனவையும் நின்றவையும்

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15-ல் தொடங்கியது. எண்பதுகளில் ஸ்பான்சர் தொடர்கள் வந்தன. பதின்மூன்று வாரம் என்பது வழக்கமான கணக்கு. எஸ்.வி.சேகரின் ‘வண்ணக் கோலங்கள்’ அந்தக் காலத்தது. கிரேசி மோகன் குழுவினர் மேடையிலிருந்து சின்னத்திரைக்கு வந்தார்கள். தேவன் ஆனந்த விகடனில் படைத்த துப்பறியும் சாம்புவாகக் காத்தாடி ராமமூர்த்தி நடித்தார். அசட்டு முகத்தோடு தற்செயலாகத் துப்பு துலக்கும் சாம்புவுக்கு அவரைவிடப் பொருத்தமான ஆளை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

1993 ஏப்ரல் 14-ல் சன் டி.வி. பிறந்தது. அதன் பிறகு நகைச்சுவைத் தொடருக்குத் தனி மவுசு வந்தது. கே.பாலசந்தரின் மின்பிம்பங்கள் தயாரிப்பில் நாகா இயக்கிய ‘ரமணி வெர்சஸ் ரமணி’யை நான் தமிழின் முதல் வரிசைத் தொடராக வைப்பேன். கணவன் பெயரும் ரமணி, மனைவி பெயரும் ரமணி. முதல் பாகத்தில் பிருத்விராஜும் வாசுகியும், இரண்டாம் பாகத்தில் ராம்ஜியும் தேவதர்ஷினியும். ‘மர்மதேசம்’ எடுத்து ஊரையே பயமுறுத்திய அதே நாகா, இங்கே கதவு திறப்பதையும் காபி ஆறுவதையும் வைத்துச் சிரிக்க வைத்தார். சண்டையில் யார் பக்கமும் சாயாத அந்த நியாயம் இன்றைய தொடர்களில் அரிது. இன்னொரு பக்கம் ராதிகாவின் ராடான் நிறுவனம் தந்த ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’. அதில் காது சரியாகக் கேட்காத பட்டாபியாக எம்.எஸ்.பாஸ்கர் செய்தது வெறும் சேஷ்டை அல்ல. தப்பாகக் கேட்ட வார்த்தைக்குச் சரியான முகபாவத்தோடு பதில் சொல்வது பெரிய வித்தை. அந்த நடிகருக்குத்தான் ‘பார்க்கிங்’ படத்துக்காகத் துணை நடிகருக்கான தேசிய விருது 2025-ல் அறிவிக்கப்பட்டது. விருது வந்த பிறகு எத்தனையோ பேர் பட்டாபியைத் தேடிப் போனார்கள்.

விஜய் டி.வி.யின் ‘லொள்ளு சபா’ முழுக் குடும்பத் தொடர் அல்ல, பகடி நிகழ்ச்சி. ஆனாலும் இந்தக் கணக்கில் அதைச் சேர்க்காமல் இருக்க முடியாது. ராம்பாலா இயக்கிய அந்த அரைமணி நேரத்திலிருந்துதான் சந்தானமும் சுவாமிநாதனும் மனோகரும் வந்தார்கள். யோகி பாபு கூட்டத்தில் ஒருவராக நின்றதும் அங்கேதான். இன்றைய தமிழ் சினிமா நகைச்சுவையின் பள்ளிக்கூடப் பதிவேடு இந்த டேப்புகளில்தான் இருக்கிறது.

இவற்றுக்கு என்ன ஆயிற்று? பின்னால் வந்தவை ஓரளவு தப்பின. ‘மர்மதேசம்’, ‘ரமணி வெர்சஸ் ரமணி’ இரண்டையும் பாலசந்தரின் கவிதாலயா தன் யூடியூப் பக்கத்தில் ஏற்றியது. ராடானும் தன் பங்கைச் செய்தது. அந்த இரண்டு நிறுவனங்களுக்கும் நன்றி சொல்ல வேண்டும்; யூடியூபில் வந்த பிறகுதான் ஒரு புதிய தலைமுறைக்கே இந்தத் தொடர்கள் இருந்தது தெரிந்தது. தூர்தர்ஷன் காலத்துத் தொடர்களுக்கு அந்த அதிர்ஷ்டம் குறைவு. அந்தக் காலத்தில் வீடியோ டேப் விலையுயர்ந்த பொருள். ஒளிபரப்பு முடிந்தால் அதன் மேலேயே அடுத்த நிகழ்ச்சியைப் பதிவு செய்வது உலகமெங்கும் நிலையங்களில் நடந்தது. நாடகம் போய் ‘வயலும் வாழ்வும்’ வந்தது.

இந்த இழப்பு நமக்கு மட்டும் நேர்ந்ததல்ல. பி.பி.சி.யின் ‘டாட்ஸ் ஆர்மி’ உலகம் கொண்டாடும் நகைச்சுவைத் தொடர். அதன் இரண்டாம் தொகுதி 1969-ல் வந்தது. ஆறு பாகங்களில் ஐந்து தொலைந்தன. இரண்டு 2001-ல் நிலையத்துக்குத் திரும்பி வந்தன. மூன்று இன்றுவரை இல்லை. அந்த மூன்றில் ஒன்றின் ஒலி மட்டும் கிடைத்தது. அதை வைத்து 2016-ல் அசைபடமாக உருவாக்கி வெளியிட்டார்கள். ஒரே ஒரு பாகத்துக்கு எடுத்த சிரத்தை அது! அமெரிக்காவில் ‘ஐ லவ் லூசி’க்கு வேறு கதை. 1951-ல் லூசில் பாலும் அவர் கணவர் டெசி ஆர்னஸும் தொடரை 35 எம்.எம். பிலிமில் எடுப்போம் என்று பிடிவாதம் பிடித்தார்கள். செலவு கூடியதால் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, பதிலுக்குத் தொடரின் உரிமையைத் தங்களிடமே வைத்துக்கொண்டார்கள். எழுபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்தத் தொடர் பளிச்சென்று இருப்பதற்கும், மறுஒளிபரப்பிலும் கேசட்டிலும் டி.வி.டி.யிலும் விற்றுக்கொண்டே இருந்ததற்கும் அந்தப் பிடிவாதம்தான் காரணம்.

தமிழின் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ 1931-ல் வந்தது. அதன் பிரதி இல்லை. அந்த வருத்தத்தைச் சினிமா ஆய்வாளர்கள் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். திரைப்படத்துக்காவது 1964-லிருந்து புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் இருக்கிறது. தனியார் தொலைக்காட்சித் தொடருக்கு அப்படியொரு வீடு இல்லை. தயாரிப்பாளரின் கிடங்கில் பீட்டாகேம் டேப் இருந்தால் உண்டு.

யூடியூப் போதாதா?

போதாது. காசிமேட்டு விசைப்படகில் போகிறவர்கள் கரையைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனாலே சிக்னல் இல்லை. நாள்கணக்கில் கடலில் தங்கும் படகில் பொழுதுபோக்கு என்றால் செல்போனில் ஏற்றிப்போன படம்தான். மெமரி கார்டில் படம் ஏற்றிக் கொடுக்கும் கடைகள் இந்தப் பக்கத்தில் நன்றாக ஓடியது அதனால்தான். கையில் சொந்தப் பிரதி இருந்தால்தான் கடலில் சிரிக்க முடியும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலத்தில் படகெல்லாம் கரையில் நிற்கும்போது வேண்டுமானால் யூடியூப் பார்க்கலாம். கையில் காசில்லாத அந்த மாதங்களில் டேட்டா பேக்குக்கும் கணக்குப் பார்க்க வேண்டும்.

இன்னொரு காரணமும் உண்டு. இணையத்தில் ஏற்றியதை எந்த நாளும் இறக்கலாம். பாட்டு உரிமைக்காரர் புகார் கொடுத்தால் ஒலி ஊமையாகும். நம் தொடர்களில் சினிமாப் பாட்டும் பின்னணி இசையும் எவ்வளவு புழங்கின என்று யோசித்துப் பாருங்கள். ‘லொள்ளு சபா’வில் பாதி சிரிப்பு, சரியான இடத்தில் வந்து விழும் சினிமா இசையில்தான் இருக்கிறது. அதை நீக்கிவிட்டால் என்ன மிஞ்சும்? அமெரிக்காவில் 1978 முதல் 1982 வரை ஓடிய ‘டபிள்யூ.கே.ஆர்.பி. இன் சின்சினாட்டி’ ஒரு வானொலி நிலையத்தைப் பற்றிய நகைச்சுவைத் தொடர். அதன் உயிரே அதில் ஒலித்த பாடல்கள். 2007-ல் முதல் டி.வி.டி. வந்தபோது உரிமைச் செலவுக்கு அஞ்சிப் பல பாட்டுகளை மாற்றிவிட்டார்கள். ரசிகர்கள் ஏற்கவில்லை. 2014-ல் வேறொரு நிறுவனம் பாடல் உரிமைகளை ஒவ்வொன்றாகப் பேசி வாங்கி, பெரும்பாலானவற்றைத் திரும்பச் சேர்த்து முழுத் தொகுப்பாக வெளியிட்டது. உட்கார்ந்து பேசினால் முடியும் வேலைதான் இது.

இங்கே பேச வேண்டியவர்கள் தயாரிப்பாளர், அலைவரிசை, எழுத்தாளர், இசைக்காரர். 2012-ல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டம், படைப்பைப் பிற ஊடகங்களில் பயன்படுத்தும்போது எழுத்தாளருக்கும் இசையமைப்பாளருக்கும் சேர வேண்டிய ராயல்டியை உறுதிப்படுத்தியது. இதைத் தடையாகப் பார்க்கும் தயாரிப்பாளர்கள் இருக்கிறார்கள். எனக்கு அது நியாயமாகப் படுகிறது. மாதச் சம்பளத்துக்கு ஆபீஸ் போய்க்கொண்டே ராத்திரி உட்கார்ந்து வசனம் எழுதியவர்கள் தமிழ் நகைச்சுவைக்காரர்கள். கிரேசி மோகனே பொறியாளராகச் சுந்தரம் கிளேட்டனில் வேலை பார்த்தவர். 2019-ல் அவர் மறைந்தபோது தமிழ்நாடே அவர் வசனங்களைச் சொல்லிச் சொல்லிச் சிரித்து அழுதது. அந்த மூளைக்குக் கொடுக்க வேண்டிய பங்கைக் கொடுத்துத்தான் விற்க வேண்டும்.

விலை வைத்தால் வாங்க மாட்டார்கள், திருட்டு வி.சி.டி.தான் வாங்குவார்கள் என்ற பேச்சு நெடுநாளாக உண்டு. அந்தப் பழி பெரும்பாலும் பர்மா பஜார் மேலும் வடசென்னை மேலும்தான் விழுந்தது. 2004-ல் குண்டர் சட்டத்தில் வீடியோ திருட்டையும் சேர்த்தார்கள். நடைபாதையில் வட்டு விற்றவர்கள் உள்ளே போனார்கள். திருட்டை நான் நியாயப்படுத்தவில்லை. ஆனால் சில ஆண்டுகளிலேயே மோசர் பேயர் நிறுவனம் முறையான உரிமை வாங்கி வி.சி.டி.யை 28 ரூபாய்க்கும் டி.வி.டி.யை 34 ரூபாய்க்கும் கொண்டுவந்ததே, அப்போது என்ன நடந்தது? மளிகைக் கடையில்கூடத் தொங்கியது, ஜனங்கள் வாங்கினார்கள். கண்ணியமான விலையில் நல்ல பிரதி கிடைத்தால் திருட்டுப் பிரதியைத் தேடும் அவசியம் பாதிக்கு மேல் போய்விடும். பின்னால் அந்த நிறுவனம் நொடித்து, 2018-ல் கலைப்புக்குப் போனது. வட்டுகளின் காலமும் முடிந்தது. அந்த விலையின் பாடம் மட்டும் இன்றும் செல்லும்.

சோபா இல்லாத வீடு

இந்தத் தொடர்களை வடசென்னைக்காரர்கள் கொண்டாடினார்கள் என்று சொல்லும்போது ஒரு மனத்தாங்கலையும் சேர்த்தே சொல்ல வேண்டும். நம் நகைச்சுவைத் தொடர்கள் பெரும்பாலும் ஒரு ஹாலில் நடப்பவை. நடுவில் சோபா, ஓரத்தில் டெலிபோன், பின்னால் மாடிப்படி. மாடிப்படி ஏறுவதும் இறங்குவதுமே பாதி நடிப்பு. குடிசை மாற்று வாரியத்தின் ஒற்றை அறையில் வாழ்ந்தவருக்கு ஹால் என்பதே டி.வி.யில் பார்த்த ஒன்றுதான். அந்த ஹாலுக்குள் வடசென்னை எப்போது வரும்? திருடனாக, ரிக்‌ஷாக்காரராக, வேலைக்காரப் பெண்ணாக. அவர்கள் வாயைத் திறந்ததும் மெட்ராஸ் பாஷை, உடனே சிரிப்பு. சபா நாடகங்களை எழுதி நடித்தவர்கள் வங்கியிலும் மத்திய அரசு அலுவலகத்திலும் வேலை பார்த்த தென்சென்னைக்காரர்கள். தாங்கள் பார்த்த நகரத்தை எழுதினார்கள். அதில் கெட்ட எண்ணம் இருந்ததாக நான் சொல்ல மாட்டேன். ஆனால் தங்கள் பேச்சைக் கேட்டு அடுத்த வீதி சிரித்தபோது இங்கே இருந்தவர்களும் சேர்ந்து சிரித்தார்கள். சிரித்த பிறகு சில சமயம் மௌனமானார்கள்.

அதற்காக அந்தக் காட்சிகளை வெட்டிவிட்டு வெளியிட வேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். முழுசாக வர வேண்டும். ஒரு நகரம் தன் இன்னொரு பாதியை எப்படிப் பார்த்தது என்பதற்கு இதைவிட நேரான சாட்சி கிடையாது. ‘மெட்ராஸ்’, ‘வடசென்னை’, ‘சார்பட்டா பரம்பரை’ என்று சினிமா இந்தப் பக்கத்தைக் கவனிக்கத் தொடங்கிப் பத்தாண்டு தாண்டிவிட்டது. குத்துச்சண்டையும் சுவரும் கத்தியும் வந்துவிட்டன. வாடகை வீடு, தண்ணி லாரி, மாமியார், கேஸ் சிலிண்டர், ஷிப்ட் மாறிய கணவன், இவற்றை வைத்து வாராவாரம் சிரிக்க வைக்கும் ஒரு வடசென்னைக் குடும்பத் தொடர் இன்னும் வரவில்லை. அதை எழுதப்போகும் இளைஞனுக்கு முன்மாதிரி வேண்டும். அரைமணி நேரத்துக்குள் ஒரு சிக்கலைத் தொடங்கி, வளர்த்து, முடிச்சவிழ்க்கும் கணக்கை ‘ரமணி வெர்சஸ் ரமணி’யைப் பார்த்துத்தான் கற்க முடியும். வரிசையாக, முழுசாக.

நல்ல வெளியீடு என்று நான் எதைச் சொல்கிறேன் என்றால், பாகங்கள் ஒளிபரப்பான வரிசையிலேயே இருக்க வேண்டும். தொடக்கத்திலும் முடிவிலும் வரும் பெயர்களை வெட்டக் கூடாது. ஒப்பனை செய்தவர், தையற்காரர், லைட்மேன் பெயரெல்லாம் அங்கேதான் இருக்கிறது. முக்கியமாக, தமிழிலேயே எழுத்து ஓட வேண்டும். பட்டாபியின் காதை வைத்து இத்தனை வருஷம் சிரித்தோம். காது கேளாதவர்கள் பட்டாபியைப் பார்க்க இதுவரை யாராவது வழி செய்தோமா? பிரஸ் ஷாப்பிலும் பாய்லர் பக்கத்திலும் முப்பது வருஷம் நின்று செவித்திறன் போன தொழிலாளிகள் திருவொற்றியூரில் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். இந்தத் தொடர்களை ஓடிய காலத்தில் ஷிப்டால் பார்க்க முடியாதவர்கள் அவர்கள். இப்போது நேரம் இருக்கிறது, காது இல்லை. வசனத்தை அடியில் எழுதிக் காட்டுவது பெரிய செலவில்லை.

தூர்தர்ஷனுக்கும் ஒரு வார்த்தை. 2020 ஊரடங்கில் ‘ராமாயண்’ மறுபடி வந்ததும், ‘தேக் பாய் தேக்’, ‘ஸ்ரீமான் ஸ்ரீமதி’ போன்ற இந்தி நகைச்சுவைத் தொடர்களைத் தேடி எடுத்துப் போட்டதும் நினைவிருக்கும். பிரசார் பாரதி 2024 நவம்பரில் வேவ்ஸ் என்ற தன் ஓ.டி.டி. தளத்தையும் தொடங்கிவிட்டது. அதே ஆண்டு ஜனவரியில் பொதிகை, டி.டி. தமிழ் ஆகப் புதுப்பெயர் பெற்றது. சென்னை நிலையத்தின் கிடங்கில் எந்தெந்தத் தொடர்களின் டேப் மிஞ்சியிருக்கிறது என்று ஒரு பட்டியலை வெளியிடுவதே நல்ல தொடக்கம். அந்தக் கிடங்கு மக்கள் பணத்தில் நடப்பது.

காலம் குறைவு. யுனெஸ்கோவும் ஒலி, ஒளி ஆவணக் காப்பாளர்களும் 2019-லேயே எச்சரித்தார்கள்: காந்த நாடாக்களை ஓட்டும் கருவிகளும் உதிரிப் பாகங்களும் 2025-ஐ ஒட்டிக் கிடைக்காமல் போகும் என்று. வீட்டு வி.சி.ஆர். கருவிகளைக் கடைசிவரை தயாரித்த ஜப்பானின் பூனாய் நிறுவனம் 2016 ஜூலையில் நிறுத்திவிட்டது. நாடாவும் சும்மா இருப்பதில்லை. காந்தத் துகளை நாடாவோடு பிடித்துவைத்திருக்கும் பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுக்கும். அப்படிப்பட்ட டேப்பை மிதமான சூட்டில் பல மணி நேரம் காயவைத்து, உடனே ஓட்டிப் பிரதி எடுக்க வேண்டும். கடற்கரையில் நிலைமை இன்னும் மோசம். ஆன்டெனாவையே அரித்த உப்புக்காற்று இது. ஈரப்பதத்தில் கேசட்டுக்குள் வெள்ளையாகப் பூஞ்சை படரும்.

இதில் வாசகர்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. டெக் சொந்தமாக வைத்திருந்த வீடுகளில் டி.வி. நிகழ்ச்சிகளைப் பதிவு செய்யும் பழக்கம் இருந்தது. செகண்ட் ஷிப்ட் போன அப்பாவுக்காக நாடகத்தைப் பதிவு செய்து வைத்த பிள்ளைகள் இருந்தார்கள். வெளிநாட்டில் இருக்கும் உறவினருக்கு அனுப்புவதற்காகப் பதிவு செய்தவர்களும் இருந்தார்கள். கேபிள்காரர்களிடமும் பழைய கேசட்டு மூட்டைகள் கிடக்கும். தயாரிப்பாளரிடமே இல்லாத ஒரு பாகம், ராயபுரத்திலோ காலடிப்பேட்டையிலோ ஒரு பரணில் கல்யாணக் கேசட்டுக்குப் பின்னால் இருக்கலாம். எனவே, கேசட்டு இருந்தால் பழைய சாமான்காரரிடம் எடைக்குப் போட்டுவிடாதீர்கள். மூடியைத் திறந்து பாருங்கள். நாடாவில் வெள்ளைப் பொடி தெரிந்தால் எந்த டெக்கிலும் செருகாதீர்கள், டெக்கின் ஹெட்டும் கெடும், நாடாவும் அறுந்துபோகும். நன்றாக இருந்தால் நின்ற வாக்கில், வெயிலும் ஈரமும் படாத இடத்தில் வையுங்கள். கல்யாணக் கேசட்டைப் பென் டிரைவில் ஏற்றித் தரும் ஸ்டூடியோக்கள் இன்னும் சில இருக்கின்றன. அங்கே கொடுத்து, நடுவில் வரும் விளம்பரத்தைக்கூட வெட்டாமல் முழுசாக எடுக்கச் சொல்லுங்கள். லேபிளில் எழுதியிருக்கும் தேதியைப் படம் பிடித்துக்கொள்ளுங்கள். பிறகு அந்தத் தொடரின் தயாரிப்பாளருக்கோ, அலைவரிசைக்கோ, நடித்தவர்களுக்கோ இப்படியொரு பாகம் இருக்கிறது என்று தெரியப்படுத்துங்கள். அடுத்த மழைக்காலம் தொடங்குமுன் அந்தப் பரணைப் பார்த்துவிடுங்கள்.